இல்லாத கரட்டைச் சுற்றிப் போனவர்

காரமடையிலிருந்து எங்கள் ஊருக்கு வருகிற சாலை இப்போது நூல் பிடித்த மாதிரி நேராகக் கிடக்கிறது. பஸ், டிப்பர், ஸ்கூட்டர் எல்லாம் அதில் பறக்கும். நான் வேலை பார்த்த இடத்து முதலாளி மட்டும் அதில் போகமாட்டார். பால் சொசைட்டி தாண்டியதும் இண்டிகேட்டரைப் போட்டு, ஜீப்பை இடப்பக்கம் ஒடித்து, இரண்டு புறமும் கள்ளிவேலி அடைத்த இட்டேரித் தடத்தில் இறங்கிவிடுவார். குலுங்கிக் குலுங்கி ஒரு அரைவட்டம் அடித்து, அதே சாலையில் மறுபடியும் வந்து ஏறுவார். முன்னே அங்கே ஒரு கரடு இருந்தது. பெரிய மலை ஒன்றுமில்லை. ஊருக்கு மேற்கே படுத்திருந்த ஒரு பாறைக்குன்று. அதன் காலைச் சுற்றித்தான் பழைய தடம் போயிற்று. அந்தக் கரட்டை வெட்டி, உடைத்து, ஜல்லியாக்கி, கோயமுத்தூர் முழுக்க அனுப்பி வைத்தவரும் அவர்தான்.

ஒருநாள் பஸ்ஸை விட்டுவிட்டு அவர் ஜீப்பில் ஏறினேன். வீட்டில் குழாயில் தண்ணீர் வருகிற நேரம். போய்ப் பிடிக்காவிட்டால் மூன்று நாளைக்குக் குடத்தைக் கவிழ்த்து வைக்க வேண்டியதுதான். மனுசர் இட்டேரியில் இறங்கியதும் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"ஏனுங்ணா, நேராப் போனா என்னங்?"

"கரடு நிக்குதுங்களே அம்மணி."

சாலையில் மாடு படுத்திருக்கிறது என்று சொல்வதுபோல அவ்வளவு சாதாரணமாகச் சொன்னார். நான் திரும்பிப் பார்த்தேன். வெறும் வானமும் கரண்டுக் கம்பியும்தான் இருந்தன. முந்தானையை இழுத்துப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

பைத்தியம் என்று நினைத்துவிடாதீர்கள். தொழிலில் படு கெட்டி. அவருடைய கல் உடைக்கிற கிரஷரில் நான் எடைமேடை பார்த்தேன். லாரி மேடையில் ஏறினதும் கம்ப்யூட்டரில் எடை பார்த்துச் சீட்டு அடித்துக் கொடுக்கிற வேலை. டிரைவர்களோடு மல்லுக்கட்டி மல்லுக்கட்டி எனக்கு வாய் நீண்டுபோனதே அங்கேதான். அவர் என்னை ஒரு நாளும் அதட்டியதில்லை. எல்லாரும் முதலாளி என்பார்கள், நான் அண்ணா என்பேன்.

காலேஜில் அவர் படித்தது ஜியாலஜி. கரடு இவர்கள் குடும்பப் பட்டா. படிப்பு முடித்து வந்தவரிடம் அப்பா, கல்லைப் பற்றித்தானே படித்தாய், கல் இங்கேயே இருக்கிறது என்று சொல்லிக் கம்ப்ரசர் மெஷினைக் கையில் கொடுத்துவிட்டாராம். அதனால் எங்கள் கிரஷரில் வேறு எங்கேயும் நடக்காத ஒரு கூத்து நடக்கும். சீட்டு வாங்கிக்கொண்டு கிளம்புகிற டிப்பரை நிறுத்தி, மேலே இருந்து ஒரு கல்லை எடுப்பார். தண்ணீர் பாட்டிலைச் சாய்த்து நனைப்பார். எண்ணெய் தேய்த்த மாதிரி ஒரு நீலம் அதில் மினுங்கும். டிரைவரிடம் காட்டி, "இருநூத்தம்பது கோடி வருசம். பாத்து ஓட்டு" என்பார். டிரைவர்களும் சளைத்தவர்களா? வயதானவர்களை முன் சீட்டில் உட்கார வைத்து, பெல்ட்டும் போட்டுக் கூட்டிப் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போவார்கள்.

ஆள் கிடைத்தால் விடமாட்டார். நாம் பார்ப்பது மலையின் தலை இல்லை, அடிவேர் என்பார். இந்த ஊர் இருக்கிற இடத்தில் ஒரு காலத்தில் நெட்டுக்குத்தாக மலைகள் நின்றனவாம். இந்தக் கல் அவற்றுக்கு அடியில், பல மைல் ஆழத்தில், சூட்டில் வெந்துகொண்டு கிடந்ததாம். மழையும் காற்றும் மேலே இருந்ததைக் கரைத்துக்கொண்டு போகப்போக, பாரம் குறைந்து அடியில் இருந்தது மெல்ல மேலே எழுந்ததாம். பஞ்சு மெத்தையிலிருந்து ஆள் எழுந்தால் மெத்தை எப்படி மேலே வரும், அப்படி. அது எழ எழ, மழை மறுபடியும் கரைக்கும். மறுபடியும் எழும். இப்படிக் கோடி கோடி வருசம் ஆன பிறகு, அடிவயிற்றில் இருந்தது வெளியே வந்து ஒரு கரடாக நம் கண்முன்னால் நின்றதாம். எடைமேடை ஜன்னலில் நின்றுகொண்டு வடக்கே நீலகிரியைக் காட்டுவார். அதுவும் அப்படியே மொத்தமாகத் தூக்கிவிட்டதுதான் என்பார். தென்மேற்கே கையை நீட்டி, பாலக்காட்டுப் பக்கம் மலை விட்டுக்கொடுத்த சந்து இல்லையென்றால் ஆனி ஆடியில் நமக்கு இந்தக் காற்று ஏது, இந்தக் குளிர்ச்சி ஏது என்பார். அண்ணா, வெளியில் லாரி வரிசை கட்டி நிற்கிறது என்று நான் சொன்னால்தான் கையைக் கீழே இறக்குவார்.

அவர் வீடு கரட்டுக்குக் கிழக்கே இருந்தது. கரடு இருந்த காலத்தில் நாலு மணிக்கெல்லாம் அதன் நிழல் வாசலில் விழுந்துவிடும். கரடு போன பிறகு பொழுது சாயும் வரைக்கும் வாசலில் வெயில் கொளுத்தும். ஆனாலும் நாலு மணியானால் அவர் உள்ளே குரல் கொடுப்பார்: நிழல் வந்துவிட்டது, மிளகாயை எடுத்துப்போடு. ஒரு சித்திரை மாதம் கணக்குச் சீட்டில் கையெழுத்து வாங்கப் போயிருந்தபோது அதை நானே பார்த்தேன். தரையில் கால் வைக்க முடியவில்லை. அந்த மனுசர் துண்டை இழுத்துத் தோளில் போர்த்திக்கொண்டார். எனக்கு முதுகு சில்லென்றது. அவர் வீட்டுக்காரம்மா, அக்கா என்றுதான் நான் கூப்பிடுவேன், நன்றாகக் காயாத மிளகாயை முறத்தில் அள்ளிக்கொண்டே என்னிடம் சொன்னார்:

"இவரு கரட்டை வித்துப்போட்டாருங் அம்மணி. நெழலை விக்கல."

சொல்லிவிட்டுச் சிரித்தார். அண்ணா சிரிக்கவில்லை.

கரடு தரைமட்டமான பிறகும் வெட்டு நிற்கவில்லை. கீழே கீழே போனது. பெருங்குழி. மேலே நின்று பார்த்தால் அடியில் நிற்கிற பொக்லைன் விளையாட்டுச் சாமான் போலத் தெரியும். ஒருநாள் மத்தியானம், ஆட்கள் எல்லாம் சாப்பிட மேலே வந்திருந்தார்கள். மெஷின் எதுவும் ஓடவில்லை. குழிக்குள்ளிருந்து டப்பென்று ஒரு சத்தம். வெடி வைக்கவில்லை, திரி கிள்ளவில்லை. இறங்கிப் பார்த்தால், பாறைத் தரை நீளவாக்கில் விரிந்து, ஒரு பலகை தானாக ஒரு சாண் மேலே தூக்கிக்கொண்டு நிற்கிறது. ஆட்கள் மறுநாள் இறங்கமாட்டோம் என்றார்கள். கிடா வெட்டிப் பூசை போட்ட பிறகுதான் இறங்கினார்கள். பூசைக்கு அவரும் வந்து நின்றார். என்னிடம் மட்டும், அது சோம்பல் முறிக்கிறது, மேலே இருந்த பாரம் போய்விட்டதல்லவா என்று மெல்லச் சொன்னார்.

அன்றைக்கு நான் கேட்டேவிட்டேன். "இத்தனை தெரிஞ்சும் ஏனுங்ணா வெட்டறீங்க?"

குழிப் பக்கம் திரும்பிப் பார்த்தார். பிறகு, "தெரியாம வெட்டியிருந்தாத் தூக்கமாச்சு வந்திருக்கும்" என்றார். காட்டில் கிணறு வற்றியது, போர் போட்ட இடத்திலெல்லாம் புகைதான் வந்தது, பூமி கொடுத்தது கல் ஒன்றுதான் என்று என்னென்னவோ சொன்னார். எனக்கு அந்தப் பதில் பிடிக்கவில்லை. அழுதுகொண்டே சோறு தின்கிறவர்களைக் கண்டால் எனக்கு எப்போதும் ஆகாது. தின்பதென்றால் தின்றுவிட்டுப் போக வேண்டியதுதானே. ஆனால் சம்பளம் அந்தக் கல்லில்தான் எனக்கும் வந்தது. அதனால் டிபன் பாக்ஸைத் திறந்து சாப்பிட உட்கார்ந்தேன்.

அதற்குமேல் ஆழம் போகக்கூடாது என்று ஆனதும் கிரஷரை மூடினார்கள். நான் அன்னூர் ரோட்டில் ஒரு மில்லின் எடைமேடைக்குப் போய்விட்டேன். பாகம் பிரித்தபோது குழி அவருடைய தம்பி பங்குக்குப் போனது. தம்பிக்குக் கல்லின் வயதெல்லாம் தெரியாது. ஃபவுண்டரிகளில் வார்ப்படம் எடுத்து மிஞ்சின கறுப்பு மணல், இடித்த வீட்டுச் செங்கல், சாக்கடை தோண்டின மண், எது வந்தாலும் வாங்கிக் குழியில் கொட்டினார். ரோட்டு மட்டத்துக்கு வந்ததும் மேலே செம்மண் பரப்பி, ரோலர் ஓட்டி, மஞ்சள் கல் நட்டு, முகப்பில் ஒரு வளைவும் கட்டிவிட்டார். வீட்டுமனை. அந்த வளைவு இன்றைக்கும் நிற்கிறது.

எனக்கு ஆசை வந்துவிட்டது. வராமல் என்ன செய்யும்? ஊருக்குள் வாடகை வீடு. நாங்கள் குளிக்கிற சத்தத்தைக்கூட எண்ணிக்கொண்டிருக்கிற வீட்டுக்காரம்மா. மகள்கள் இரண்டும் வளர்ந்து நிற்கிறார்கள். ஆணி அடிக்கக்கூட ஒரு சொந்தச் சுவர் கிடையாது. என் வீட்டுக்காரருக்கு மோட்டார் காயில் கட்டுகிற வேலை. அவரும் நானும் ஞாயிற்றுக்கிழமை மாலையில் ஸ்கூட்டரில் போய் அந்த மஞ்சள் கற்களுக்கு நடுவில் நின்று, இங்கே அடுப்படி, இங்கே கொடி கட்டலாம் என்று பேசிவிட்டு வருவோம். கிழக்குப் பார்த்த ஒரு மூலை மனையைத் தம்பியிடம் சொல்லி வாங்கித் தாருங்கள் என்று நேராக அவரிடமே போய்க் கேட்டேன்.

"வேண்டாம் அம்மணி. அது பூமி இல்லீங்க. நெரப்புனது."

மண் என்றால் மண்தானே, நாலு மழை பெய்தால் இறுகிவிடாதா என்றேன். பூமி ஒரு நிலைக்கு வந்து உட்காருவதற்கு எத்தனையோ கோடி வருசம் எடுத்துக்கொள்ளும், இது நேற்றுக் கொட்டினது, இறங்கிக்கொண்டேதான் இருக்கும் என்றார். எனக்கு ரோசம் பொத்துக்கொண்டு வந்தது. உங்களுக்குப் பரம்பரை வீடு இருக்கிறது. எங்களை மாதிரி ஆட்கள் சொந்தமாக வீடு கட்டினால் உங்களுக்குப் பொறுக்கவில்லையாட்டம் இருக்கிறது என்று சொல்லிவிட்டு, அக்கா கொண்டுவந்த காபியைக் குடிக்காமல் வந்துவிட்டேன்.

அடுத்த மாதமே கேள்விப்பட்டேன். அவர் தம்பியிடம் மனை கேட்டிருக்கிறார். அதுவும் நட்டநடுவில். அண்ணனே குடி வருகிறார் என்றால் அதைவிட விளம்பரம் உண்டா? தம்பி சந்தோசமாகக் கொடுத்துவிட்டார். எனக்கு வயிறு எரிந்தது. ஊருக்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டு நல்ல இடத்தைத் தனக்கு அமுக்கிக்கொண்டார் பார் என்று என் வீட்டுக்காரரிடம் திட்டித் தீர்த்தேன். கடைவீதியில் எதிரில் வந்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டு போனேன். வீட்டைக் கட்டின கொத்தனார் எனக்குத் தெரிந்தவர். அஸ்திவாரத்துக்குக் கூடுதலாகக் கம்பி போட வேண்டாமா என்று கேட்டதற்கு, எல்லாரும் எப்படிக் கட்டுவார்களோ அப்படியே கட்டு, ஒன்றும் அதிகம் செய்யாதே என்றாராம். கஞ்சத்தனம் என்று அதற்கும் சேர்த்துத் திட்டினேன்.

முதல் மழைக்கே வடமேற்கு மூலை இறங்கியது. ஜன்னலிலிருந்து கூரை வரைக்கும் சுவர் பிளந்தது. மனை பார்க்க ஆட்கள் வருகிறார்கள் என்றால் முதல் நாள் தம்பி கொத்தனாரை அனுப்பிப் பூசிவிடுவார். கொத்தனார் சைக்கிள் வளைவைத் தாண்டும் முன்னே இவர் திருப்புளியை எடுத்துக்கொண்டு உட்கார்ந்து, ஈரம் காயாத பூச்சை முழுக்கச் சுரண்டிவிடுவார். வருகிறவர்களை வாசலுக்கே போய்க் கையைப் பிடித்துக் கூட்டிவருவார். வாங்க, உக்காருங்க, காபி சாப்பிடுங்க. அப்புறம் எழுப்பிக்கொண்டுபோய் வெடிப்பின் முன்னால் நிறுத்தி, "கையை உள்ள உடுங்க" என்பார். அவ்வளவுதான். மணிக்கட்டு வரைக்கும் கை போகிற சுவரைப் பார்த்த பிறகு யார் மனை வாங்குவார்கள்? வந்த காரிலேயே திரும்பிப் போய்விடுவார்கள். வீடு கட்டுவதற்கு முன்னே, மனை விற்பதை நிறுத்தச் சொல்லி அவர் சர்க்கார் ஆபீஸ் ஆபீசாகவும் ஏறி இறங்கியிருக்கிறார். அங்கே, மேலே சமமாகத்தானே இருக்கிறது, கீழே குழி இருந்ததற்கு என்ன ஆதாரம் என்று கேட்டார்களாம்.

கொத்தனார் இதைச் சிரித்துக்கொண்டே சொன்னபோதுதான் எனக்கு உறைத்தது. அந்த வீடு குடியிருக்கக் கட்டினது இல்லை. வாயால் சொல்லி யாரும் கேட்காததால், சுவரால் சொல்வதற்குக் கட்டினது. அன்றைக்கு எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. மறுநாளே போய்ப் பார்த்தேன். திட்டினதைப் பற்றி அவரும் பேசவில்லை, நானும் பேசவில்லை. அக்காதான் அதே காபியை மறுபடியும் போட்டுக்கொண்டு வந்தார்.

பாவம், அந்த அம்மா. அவர் எது செய்தாலும் கூடவே வந்தவர். கதவு சாத்த முடியாது, ஜன்னல் திறக்க முடியாது, சமையல் மேடையில் வைத்த எண்ணெய் ஒரு பக்கமாகவே ஓடும். ராத்திரி வாசற்படிக்குப் பக்கத்திலேயே பாயைப் போட்டுப் படுப்பாராம். புரட்டாசியில் தாராபுரத்தில் கட்டிக்கொடுத்திருந்த அக்காவின் மகள் வந்து, அம்மாவையாவது நான் கூட்டிப்போகிறேன் என்று ஒரே பிடியாக நின்றாள். கார் ஏறும்போது அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அம்மணி, அவரு சாகறதுக்கு ஊடு கட்டல. காட்டறதுக்குக் கட்டுனாரு. காட்டியாச்சு. இனி வரச்சொல்லுங்க."

ஐப்பசி பிறந்து மழை பிடித்துக்கொண்டது. மில்லில் அரை நாள் லீவு சொல்லிவிட்டு அவர் வீட்டுக்குப் போனேன். கட்டிலின் இரண்டு கால்களுக்கு அடியில் கல் வைத்துச் சமன் செய்து, அதில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது. வெடிப்பு இப்போது கதவு மாதிரி அகன்றிருந்தது. அதன் வழியாக வெளியே மழை பெய்வது தெரிந்தது. அக்கா சொன்னதைச் சொன்னேன். ஊரே பார்த்தாகிவிட்டது, இனி ஒருத்தரும் வாங்கமாட்டார்கள், பழைய வீட்டுக்குப் போங்கள் என்று கெஞ்சினேன்.

"இன்னும் ஒரு குடும்பம் பாக்கல அம்மணி. அவிங்க பேசி முடிச்சுப்போட்டாங்களாமா. தை பொறந்தா அஸ்திவாரம்."

யார் அது, நான் போய்ப் பேசுகிறேன் என்றேன். அவர் என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். அப்புறம் பார்வையை எடுத்துக்கொண்டார். யாருக்கும் சொல்ல வேண்டாம் என்று கேட்டுக்கொண்டிருக்கிறார்கள், நான் வாக்குக் கொடுத்துவிட்டேன் என்றார்.

"ஞாயித்துக்கெழமை வாரேன்னு சொல்லியிருக்காங்க. வந்து ஒருக்கா கையை உட்டுப் பாத்துட்டா, அன்னைக்கே நான் கெளம்பீருவேன். நீங்க மழை வலுக்கறதுக்கு முந்தி ஊடு போயிச் சேருங்க."

அது செவ்வாய்க்கிழமை. யாரோ ஒரு குடும்பத்துக்காக இந்த மனுசர் இப்படி உட்கார்ந்திருக்கிறாரே, அந்தக் குடும்பத்துக்கு அறிவு வேண்டாமா என்று வழியெல்லாம் திட்டிக்கொண்டே வந்தேன்.

வெள்ளிக்கிழமை மத்தியானம், விடாமல் அடித்த மழையில், வீட்டின் பின்பாதி ஒரே இறக்கமாக இறங்கிவிட்டது. சத்தமே இல்லையாம். பக்கத்துக் காட்டில் ஆடு ஓட்டிக்கொண்டிருந்தவர் திரும்பிப் பார்த்தபோது கூரை இருந்தது, சுவர் இல்லையாம். ஃபயர் சர்வீஸ்காரர்கள் பொழுது சாய்கிற நேரத்தில்தான் அவரை வெளியே எடுத்தார்கள். முகத்தில் காயமில்லை, தலைமுடி முழுக்க அந்தக் கறுப்பு மணல். சனிக்கிழமை மத்தியானம் மயானத்துக்கு எடுத்துப் போனார்கள். அக்கா அழவில்லை. என்னைப் பார்த்து, வரச்சொன்னீங்களா என்று மட்டும் கேட்டார். சொன்னேன் என்றேன்.

வீடு திரும்பிக் குளித்துவிட்டு வந்தால், என் வீட்டுக்காரர் ஈர வேட்டியோடு அடுப்படி வாசலில் உட்கார்ந்திருக்கிறார். சோறு வேண்டாம் என்கிறார். இழவு வீட்டிலும் அவர் அப்படித்தான் ஓரமாக நின்றார். கூட வேலை பார்த்த நானே திடமாக இருக்கும்போது இவருக்கு என்ன என்று நினைத்தேன்.

"நாந்தான்" என்றார்.

எனக்குப் புரியவில்லை.

"மூலை மனை. கெழக்குப் பாத்தது. உனக்குத் தெரியாம முடிச்சு, பத்தரத்தைக் கையில குடுக்கலாம்னு இருந்தேன். நீ வெடிப்பைப் பத்திச் சொன்னப்பக்கூட, மூலை கெட்டின்னு அவரு தம்பி சொன்னதைத்தான் நம்புனேன். அவரு நாலஞ்சு வாட்டி பட்டறைக்கே வந்து கூப்புட்டாரு. ஒருக்கா வந்து பாருங்கன்னாரு. வாரேன் வாரேன்னு தள்ளிக்கிட்டே வந்தேன். பாத்தா வாங்க மனசு வராதுன்னுதான் போகல."

  அந்த மூலைக்கு ஆசைப்பட்டு அவர் காதில் ஓதிக்கொண்டே இருந்தவள் நான்தானே. மகள்கள் இரண்டும் உள்ளே இருந்து எங்களையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. மழை விட்டிருந்தது. ஸ்கூட்டரை எடுத்தார். நான் பின்னால் ஏறி உட்கார்ந்தேன். மஞ்சள் கற்களைத் தாண்டிப் போனோம். கூரை ஒரு பக்கமாகச் சாய்ந்து பாதி மண்ணுக்குள் இருந்தது. சுற்றிலும் கயிறு கட்டியிருந்தார்கள். என் வீட்டுக்காரர் செருப்பைக் கழற்றிவிட்டுக் கயிற்றுக்குள் குனிந்து போனார். மிச்சமிருந்த முன்சுவரில் கை வைத்து நின்றார். வீட்டில் ஆள் இருந்தால் எப்படிக் கூப்பிடுவாரோ அப்படியே கூப்பிட்டார்.

"ஏனுங்ணா, வந்துட்டனுங்க. பாத்துட்டனுங்க."